நாமும் நாங்களும்: ஆனந்த் பட்வர்தனின் ஆவணப்படங்களும் அவற்றின் மொழியும்

1. முன்னுரை

ஆனந்த் பட்வர்தன் 1985ஆம் ஆண்டு வெளியிட்ட ஆவணப்படத்திற்கு இந்தியில் 'ஹமாரா ஷஹர்' என்று பெயர். ஆங்கிலப் பெயரும் இதே பொருளுடையது. பம்பாய் என்னும் ஊர்ப்பெயர் மட்டும் அதில் கூடுதலாக முன் நிற்கிறது. இப்பெயரைத் தமிழாக்க முற்படும் மொழிபெயர்ப்பாளர் முதற்சொல்லிலேயே ஒரு முடிவெடுக்க வேண்டியவராகிறார். 'ஹமாரா' என்னும் உடைமைச் சொல் கேட்போரை உள்ளடக்குகிறதா, விலக்குகிறதா என்பதை இந்தி இலக்கணம் காட்டுவதில்லை, ஆங்கிலமும் காட்டுவதில்லை. தமிழோ காட்டியே தீரும். 'நம் நகரம்' என்றால் கேட்பவரும் அந்நகருக்கு உரியவர். 'எங்கள் நகரம்' என்றால் கேட்பவர் வெளியார். தன்மைப் பன்மையில் உளப்பாட்டுப் பன்மையும் தனித்தன்மைப் பன்மையும் வேறுபட்டு நிற்பது திராவிட மொழிகளின் அறியப்பட்ட இயல்பு. பம்பாயின் மொழியாகிய மராத்தியும் 'ஆபண்' என்றும் 'ஆம்ஹீ' என்றும் இவ்வேறுபாட்டைப் போற்றி வருவது குறிப்பிடத்தக்கது.

இலக்கண நூலில் ஒரு பத்தியில் முடிந்துவிடும் இவ்வேறுபாடே அந்தப் படத்தின் பொருளாகவும் அமைந்துள்ளது. நகரம் யாருடையது, 'நாம்' என்று சொல்லும் உரிமை யாருக்கு உண்டு என்பதே அப்படம் எழுப்பும் வினா. ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகளாக நீளும் பட்வர்தனின் படவரலாற்றை இவ்வொரு வினாவின் வழியே நோக்க முயல்கிறது இக்கட்டுரை. படங்களின் பெயர்கள், அவற்றில் பேசுவோர், அவை கண்ட நீதிமன்ற வழக்குகள் ஆகிய மூன்றும் இங்கு எடுத்துக்கொள்ளப்படுகின்றன. ஒளிப்பதிவு முதலிய கலைக்கூறுகள் இக்கட்டுரையின் எல்லைக்குள் அடங்கா.

2. பின்புலம்: ஒற்றைக் குரலும் பல மொழியும்

இந்திய அரசின் திரைப்படப் பிரிவு 1948இல் நிறுவப்பட்டது. அதன் செய்திப்படங்களும் ஆவணப்படங்களும் திரையரங்குகளில் கட்டாயமாகக் காட்டப்பட்டு வந்தன. முதிய தலைமுறையினர் முதன்மைப் படத்திற்கு முன்பாகக் கண்ட அப்படங்களின் மொழியமைப்பு யாவரும் அறிந்ததே. திரையில் அணை எழும், வயல் விளையும், உழவர் புன்னகைப்பார். பேசுபவர் மட்டும் திரையில் தோன்றார். முகம் காட்டாத ஒரு குரல் விளக்கவுரை நிகழ்த்தும். அவ்வுரை பல இந்திய மொழிகளில் மாற்றப்பட்டு அந்தந்த மாநிலத்திற்கு அனுப்பப்படும். மொழிகள் பலவாயினும் குரல் ஒன்றே. அக்குரல் வழங்கிய 'நாம்' என்பதும் அரசு வகுத்துத் தந்த 'நாம்' ஆகும். படத்தில் இடம்பெற்ற மக்கள் தம் வாயால் தம் மொழியில் பேசுவது அரிதாகவே இருந்தது. இம்மரபுக்கு மாறாக எழுந்தவை பட்வர்தனின் படங்கள்.

பட்வர்தன் 1950இல் பம்பாயில் பிறந்தவர். குடும்பம் விடுதலைப் போராட்டத்தில் தோய்ந்தது. அவருடைய பெரிய தந்தையருள் ஒருவரான அச்யுத் பட்வர்தன் 1942ஆம் ஆண்டு இயக்கத்தின் தலைமறைவுத் தலைவர்களுள் ஒருவர். பம்பாய்ப் பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியமும், பின்னர் அமெரிக்காவில் பிராண்டைஸ் பல்கலைக்கழகத்தில் சமூகவியலும் பயின்றார். வியட்நாம் போர் எதிர்ப்பு அங்கு உச்சத்திலிருந்த காலம் அது. கலிபோர்னியாவில் சீசர் சாவேஸ் தலைமையேற்ற பண்ணைத் தொழிலாளர் சங்கத்திலும் அவர் தொண்டராகப் பணியாற்றினார். 1972இல் நாடு திரும்பி, மத்தியப் பிரதேசத்தில் கிஷோர் பாரதி என்னும் கிராமக் கல்வி அமைப்பில் சேர்ந்தார். திரைப்படப் பள்ளி எதிலும் பயிலாமல், கல்விப் பணியிலிருந்தும் இயக்கங்களிலிருந்தும் அவர் படத்துறைக்கு வந்தார் என்பது பின்வருவனவற்றை விளங்கிக்கொள்ளத் துணைசெய்யும்.

3. தொடக்கப் படங்கள் (1975–1981)

1974இல் ஜெயப்பிரகாஷ் நாராயணன் தலைமையில் பீகாரில் எழுந்த மாணவர் இயக்கத்தைப் பதிவு செய்யச் சென்றதன் விளைவே முதற்படமான 'கிராந்தி கீ தரங்கேன்' (1975). 'புரட்சியின் அலைகள்' என்பது பொருள். 'தரங்கம்' என்னும் சொல்லைத் தமிழரும் அறிவர். இரவல் கருவிகளையும் காலங்கடந்த படச்சுருளையும் கொண்டு எடுக்கப்பட்ட படம் இது. படம் முடிந்த சிறிது காலத்தில், 1975 ஜூனில், நெருக்கடி நிலை அறிவிக்கப்பட்டது. படச்சுருள் துண்டுகளாக்கப்பட்டு நாட்டிற்கு வெளியே கடத்தப்பட்டுப் பின்னர் ஒன்றுசேர்க்கப்பட்டது. இக்காலத்தில் பட்வர்தன் கனடாவின் மெக்கில் பல்கலைக்கழகத்தில் தகவல் தொடர்பியல் பயின்றார். தம் முதற்படத்தையே ஆய்வுப்பொருளாகக் கொண்டு, தலைமறைவிலும் அயல்நாட்டிலும் வாழும் போராட்டப் படம் பற்றிய ஆய்வேட்டை அப்பல்கலைக்கழகத்திற்கு அளித்தார். வசதியும் மெருகும் இல்லாத படமே மக்களின் படமாக முடியும் என்னும் இலத்தீன் அமெரிக்கத் திரைப்படச் சிந்தனை அவரை ஈர்த்தது. கியூப இயக்குநர் ஹூலியோ கார்சியா எஸ்பினோசா 1969இல் முன்வைத்த 'குறையுடைய திரைப்படம்' என்னும் கருத்து இங்கு நினைக்கத்தக்கது.

நெருக்கடி நிலை நீங்கியபின் அவர் உருவாக்கிய 'ஜமீர் கே பந்தி' (1978) அரசியல் கைதிகளைப் பற்றியது. நெருக்கடி நிலைக்கு முன்னும் பின்னும் கூட அத்தகைய கைதிகள் இருந்தனர் என்பதே அதன் வாதம். ஆங்கிலப் பெயராகிய 'பிரிசனர்ஸ் ஆஃப் கான்ஷியன்ஸ்' என்பது 1961இல் பீட்டர் பெனன்சன் தொடங்கிய இயக்கத்தால் உலக வழக்கான தொடராகும். இதனைத் தமிழில் 'மனச்சான்றின் கைதிகள்' என்று ஆறாம் வேற்றுமையில் பெயர்த்தால் மனச்சான்றே அவர்களைச் சிறைப்பிடித்தது போன்ற பொருள் தோன்றுகிறது. 'மனச்சான்றுக்காகச் சிறைப்பட்டோர்' என்று காரணம் தோன்ற விரித்தலே பொருந்தும். வேற்றுமையுருபு ஒன்று சிறையாளரைக் கூட மாற்றிவிட வல்லது என்பதற்கு இது சான்று.

மூன்றாவதான 'உட்டன் தா வேலா' (1981) ஜிம் மன்ரோவுடன் இணைந்து கனடாவின் தேசியத் திரைப்பட வாரியத்திற்காக எடுக்கப்பட்டது. 'எழுவதற்குரிய வேளை' என்பது பஞ்சாபித் தொடரின் பொருள். தமிழ் 'வேளை'யும் பஞ்சாபி 'வேலா'வும் ஒரே வடசொல்லின் வழிவந்தவை. பிரிட்டிஷ் கொலம்பியாவின் பண்ணைகளில் உழைத்த இந்தியக் குடியேறிகள் சங்கம் அமைத்த வரலாறு இது. பணியிடத்தின் மொழி ஆங்கிலமாகவும் ஒன்றுகூடலின் மொழி பஞ்சாபியாகவும் நின்ற சூழலில், சங்கம் என்பதே ஒரு புதிய 'நாம்' உருவாகும் இடமாயிற்று.

4. 'ஹமாரா ஷஹர்': யார் நகரம்?

1981ஆம் ஆண்டு மழைக்காலத்தில் பம்பாய் நடைபாதைக் குடிசைகளை அகற்றி, அங்கு வாழ்ந்தோரை அவரவர் சொந்த ஊருக்கே அனுப்பிவிட மாநில அரசு முனைந்தது. இதனை எதிர்த்து உச்ச நீதிமன்றத்தில் தொடுக்கப்பட்ட வழக்கின் தீர்ப்பு 1985 ஜூலையில் வெளிவந்தது. வழக்குத் தொடுத்த நடைபாதைவாசிகளுள் ஒருவர் சேலம் பகுதியிலிருந்து 1961இல் வேலை தேடிப் பம்பாய் சென்ற நிலமற்ற தொழிலாளி. 1981 ஜூலை 23 அன்று அவருடைய குடிசை இடிக்கப்பட்டது. அவரும் குடும்பத்தாரும் பேருந்தில் ஏற்றப்பட்டுச் சேலத்திற்கு அனுப்பப்பட்டனர். மனைவியும் மகள்களும் ஊரில் தங்கிவிட, அவர் வேலை தேடி மீண்டும் பம்பாய்க்கே வந்து நடைபாதையில் குடியேறினார் என்று தீர்ப்பு பதிவு செய்துள்ளது. இருபது ஆண்டுகள் உழைத்த நகரம் அவருக்கு 'நம் ஊர்' அன்று என்பது அரசின் முடிவு. பிழைப்பு இல்லாத சேலம் தமக்கு ஊராகாது என்பது அவருடைய முடிவு. பிழைப்புரிமை வாழ்வுரிமையின் பகுதியே என்று கூறிய நீதிமன்றம், உரிய அறிவிப்புடன் குடிசைகளை அகற்றலாம் என்றும் கூறியது.

இச்சூழலில் உருவான படம் 'ஹமாரா ஷஹர்'. படத்தில் மாநகர அலுவலரும் காவல்துறை உயரதிகாரியும் வசதிமிக்க குடிமக்களும் பெரும்பாலும் ஆங்கிலத்தில் பேசுகின்றனர். குடிசைவாழ் மக்கள் இந்தியும் மராத்தியும் கலந்த பம்பாய்ப் பேச்சு வழக்கில் பேசுகின்றனர். ஆங்கிலப் பதிப்பில் குடிசைவாசிகளின் பேச்சுக்கு மட்டும் படத்தின் கீழே மொழிபெயர்ப்பு அடிவரி ஓடுகிறது. இந்திப் பதிப்பிலோ ஆங்கிலம் பேசுவோரின் சொற்களே விளக்கம் வேண்டி நிற்கின்றன. யாருடைய பேச்சு மொழிபெயர்ப்பை நாடுகிறது என்பது படத்தைப் பார்ப்பவர் யார் என்பதைப் பொறுத்து மாறுகிறது. இதனால் அடிவரி என்பது பொருள் விளக்கும் கருவியாக மட்டும் அமையாமல் வர்க்க எல்லையைக் காட்டும் கோடாகவும் அமைந்துவிடுகிறது. தமிழில் அடிவரி இடுவோர் இரு தரப்புக்கும் இட வேண்டியவராதலின் அக்கோடு மறைந்துவிடும் என்பதையும் கருத வேண்டும்.

இப்படத்தின் ஒரு காட்சி தனியே குறிப்பிடற்குரியது. குடிசைப்பகுதிப் பெண் ஒருவர் படக்குழுவினரையே நோக்கிச் சினந்து வினவுகிறார். ஏழைகளைப் படமெடுத்து நீங்கள் பெயர் சம்பாதிப்பீர்கள், எங்களுக்கு என்ன கிடைக்கும் என்பது அவ்வினாவின் சாரம். அக்காட்சியை நீக்கிவிட இயக்குநருக்கு எத்தடையும் இருந்திருக்க முடியாது. எனினும் அவர் நீக்கவில்லை. 'ஹமாரா' என்று பெயர் சூட்டிய படத்திற்குள்ளேயே, அந்த 'ஹமாரா'வில் இயக்குநர் அடங்கமாட்டார் என்று ஒரு குரல் மறுப்பு எழுப்புகிறது. எனவே அப்பெண்ணின் நிலையிலிருந்து பெயர்த்தால் 'எங்கள் நகரம்' என்பதே சரி. படம் விழையும் நிலையிலிருந்து பெயர்த்தால் 'நம் நகரம்' என்பதே சரி. இப்படம் சிறந்த ஆவணப்படத்திற்கான தேசிய விருது பெற்றது. 1986இல் பம்பாயின் சஞ்சய் காந்தி நகர்க் குடிசைகள் இடிக்கப்பட்டபோது அம்மக்களுடன் உண்ணாநோன்பு இருந்தவர்களுள் பட்வர்தனும் ஒருவர். அப்பெண்ணின் வினாவுக்கு இது முழு விடையாகாது எனினும், விடை தேடும் முயற்சி எனக் கொள்ளலாம்.

5. பெயரும் போரும் (1990–1995)

அடுத்த மூன்று படங்களும் சமயத்தின் பெயரால் நிகழ்ந்த வன்முறையை ஆராய்கின்றன. 'உனா மித்ரான் தி யாத் பியாரி' (1990) பஞ்சாபைக் களமாகக் கொண்டது. 1931இல் தூக்கிலிடப்பட்ட பகத்சிங்கை அரசும் தன் நாயகன் என்றது. பிரிவினை கோரியோரும் தம் நாயகன் என்றனர். படமோ பகத்சிங்கின் சிறை எழுத்துக்களையே எடுத்துக்காட்டி அவருடைய சொந்தக் குரலை மீட்கிறது. ஆங்கிலத்தில் 'நண்பர்களின் நினைவாக' என்னும் அளவில் பெயர் நிற்க, பஞ்சாபியில் உள்ள 'பியாரி', அதாவது 'அன்புக்குரிய', என்னும் அடை விடுபட்டுள்ளது.

'ராம் கே நாம்' 1990ஆம் ஆண்டின் ரத யாத்திரையையும் அயோத்திச் சிக்கலையும் பற்றியது. பாபர் மசூதி 1992 டிசம்பர் 6 அன்று இடிக்கப்படுவதற்கு முன்பே முடிக்கப்பட்ட படம். 'கே நாம்' என்பது இந்தியில் 'பெயரால்' என்றும், மடலில் எழுதுவது போல 'பெயருக்கு' என்றும் பொருள்படும். ஆங்கிலப் பெயராகிய 'இன் தி நேம் ஆஃப் காட்' இராமன் என்னும் இயற்பெயரைக் கடவுள் என்னும் பொதுப்பெயராக்கியது. அதனால் அயல்நாட்டார்க்குப் பெயர் எளிதில் விளங்கிற்று. ஆயின் பக்தர் நாவில் அன்றாடம் வழங்கும் ஒரு பெயர் அரசியல் முழக்கமாக்கப்பட்டது என்னும் குறிப்பு மறைந்தது. தமிழில் 'இராமனின் பெயரால்' என்னும் மூன்றாம் வேற்றுமை, பெயர் கருவியாக்கப்பட்டதை நன்கு உணர்த்தும்.

இப்படத்தில் பட்வர்தன் கையாளும் வினாமுறை எளிமையானது. இராமன் எந்த ஆண்டில் பிறந்தான் என்பது போன்ற நேரிய வினாவை அவர் எழுப்புகிறார். பிறந்த இடத்தை உறுதியாகக் கூறுவோர் பிறந்த காலத்தைக் கூற இயலாமல் தடுமாறுகின்றனர். வினவுவோர் எதிர்வாதம் செய்வதில்லை. விடையளிப்போரின் தயக்கமும் மௌனமும் முழுமையாகப் பதிவாகின்றன. நீதிமன்றத்தால் அமர்த்தப்பட்ட பூசாரி லால்தாஸ் இப்படத்தில் அமைதியான குரலில் இவ்வரசியலை மறுத்துப் பேசுகிறார். அவர் 1993 நவம்பரில் கொல்லப்பட்டார். எச்சரிக்கையாகக் கூறப்பட்ட சொற்கள் பின்னர்க் கேட்போர்க்கு நடந்துமுடிந்ததன் முன்னறிவிப்பாக ஒலிக்கின்றன. கூற்று மாறவில்லை, கேட்கும் காலம் மாறியதால் அதன் பொருள் மாறியது. பேச்சுச் சூழலைப் பொருளின் பகுதியாகக் கொள்ளும் பயன்வழியியலார்க்கு இது நல்ல எடுத்துக்காட்டு.

மூன்றாவது படத்தின் ஆங்கிலப் பெயர் 'ஃபாதர், சன் அண்டு ஹோலி வார்'. கிறித்தவத் திரித்துவ வாய்பாட்டின் மூன்றாம் உறுப்பை மட்டும் மாற்றி அமைத்த சொல் விளையாட்டு இது. 'பித்ர, புத்ர ஔர் தர்மயுத்த' என்னும் இந்திப் பெயர் அவ்விளையாட்டைக் கைவிட்டு, 'தர்மயுத்தம்' என்னும் சொல்லால் பாரதப் போரை நினைவூட்டுகிறது. ஒரே படம் இரு மொழிகளில் இரு சமய மரபுகளைத் தொட்டு நிற்கிறது. தமிழிலோ 'பிதா, சுதன், புனிதப் போர்' என்றால், 'பிதா, சுதன், பரிசுத்த ஆவி' என்னும் வழக்கை அறிந்தோர்க்கு ஆங்கிலத்தின் குறிப்பு அப்படியே கிட்டும். வன்முறைக்கும் ஆண்மை பற்றிய கற்பிதத்திற்கும் உள்ள உறவே இப்படத்தின் பொருள். முதற்பகுதியின் பெயர் அக்கினிப் பரீட்சையைக் குறிப்பது. இரண்டாம் பகுதியின் பெயர் 'ஹீரோ பார்மசி'. இதன்பின் சிமந்தினி துருவுடன் இணைந்து 'நர்மதா டயரி' (1995) என்னும் படத்தை உருவாக்கினார்.

6. வெட்டும் முழுமையும்: நீதிமன்றங்களில்

பட்வர்தனின் படங்கள் பெரும்பாலும் திரையரங்கில் வணிக முறையில் ஓடியவை அல்ல. கல்லூரிகள், சங்கங்கள், குடிசைப்பகுதிகள் ஆகியவற்றில் நேரில் திரையிடப்பட்டவை. எனினும் பொதுமக்களின் வரிப்பணத்தில் இயங்கும் தூர்தர்ஷன், தேசிய விருது பெற்ற படங்களையாவது ஒளிபரப்ப வேண்டும் என்பது அவர் நிலைப்பாடு. மறுக்கப்பட்ட போதெல்லாம் அவர் நீதிமன்றம் சென்றார். பல படங்கள் நீதிமன்ற ஆணையின் பின்னரே ஒளிபரப்பாயின. மேலே கூறிய 'பித்ர, புத்ர' படம் தொடர்பான மேல்முறையீட்டில் உச்ச நீதிமன்றம் 2006 ஆகஸ்டில் தூர்தர்ஷனின் வாதத்தைத் தள்ளுபடி செய்தது. படத்தைத் துண்டுகளாகப் பிரித்துப் பாராமல், நல்லறிவுடைய சராசரிப் பார்வையாளரின் நோக்கில் முழுமையாகப் பார்த்தே மதிப்பிட வேண்டும் என்பது அத்தீர்ப்பின் அடிப்படை.

'ஜங் ஔர் அமன்' (2002) என்னும் படமும் இத்தகைய சிக்கலுக்கு ஆளாயிற்று. 1998 மே மாதத்தில் இந்தியாவும் பாகிஸ்தானும் நடத்திய அணுகுண்டுச் சோதனைகளை எதிர்த்து உருவான படம் இது. தணிக்கையின் ஒரு நிலையில் 21 வெட்டுகள் கோரப்பட்டன. பம்பாய் உயர் நீதிமன்றம் 2003இல் வெட்டின்றி வெளியிட ஆணையிட்டது. தணிக்கையாளர் வெட்டக் கோருவது பெரும்பாலும் ஒரு வாக்கியத்தை அல்லது ஒரு முழக்கத்தைத்தான். ஆனால் வாக்கியத்தின் பொருள் அதற்கு முன்னும் பின்னும் நிற்பவற்றால் தீர்மானிக்கப்படுவது. வெறுப்புப் பேச்சை அம்பலப்படுத்த எடுத்துக்காட்டுவதும் வெறுப்பைப் பேசுவதும் ஒன்றாகா. மேற்கோளுக்கும் கூற்றுக்கும் உள்ள இவ்வேறுபாட்டை மொழியியலார் கருத்தாடல் ஆய்வில் நிறுவுவர். இங்கு நீதிபதிகள் வழக்காடலில் நிறுவினர் எனலாம்.

இப்படத்தின் பெயரும் கருதற்குரியது. டால்ஸ்டாயின் நாவல் இந்தியில் 'யுத்த ஔர் சாந்தி' என வழங்க, பட்வர்தன் 'ஜங்', 'அமன்' என்னும் பாரசீக, அரபு வழிச் சொற்களைத் தேர்ந்தார். எல்லையின் இருபுறமும் பொதுமக்கள் நாவில் வழங்குபவை அவை. பாகிஸ்தானில் பேசுவோரின் உருதுவை இந்தி அறிந்த பார்வையாளர் அடிவரி இல்லாமலே பின்தொடர முடிகிறது. பகைநாட்டார் என்று சொல்லப்படுவோர் தம் மொழியிலேயே பேசுவதைக் கேட்கும்போது, 'நாம்' என்பதன் எல்லை அரசியல் எல்லையைக் கடந்துவிடுகிறது. தமிழ்ப் பார்வையாளர்க்கு இரு தரப்பும் ஒரே அளவு மொழித்தொலைவில் இருப்பதால் இவ்வனுபவம் நேராகக் கிட்டுவதில்லை. அடிவரி எழுதுவோர் இரு நாட்டாரையும் ஒரே நடையில் பேசவைத்தால் ஓரளவு கிட்டும். டால்ஸ்டாயின் தலைப்பில் உள்ள 'மிர்' என்னும் உருசியச் சொல் அமைதியையும் உலகையும் குறிக்கும். டி.எஸ். சொக்கலிங்கம் தம் தமிழாக்கத்திற்குப் 'போரும் வாழ்வும்' என்று பெயரிட்டதை இங்கு நினைக்கலாம். அணுகுண்டைப் பற்றிய படத்திற்கு இத்தமிழ்ப் பெயர் மூலத்தினும் பொருந்துவதாகவே தோன்றுகிறது.

7. மொழிபெயர்க்கப்படாத பெயர்

'ஹமாரா ஷஹர்' படத்தில் பாடியவர் மராத்தி மக்கள் பாடகரான விலாஸ் கோக்ரே. தலித் சமூகத்தவர், இடதுசாரிக் கலைக்குழுவில் இயங்கிப் பின் அதிலிருந்து விலக்கப்பட்டவர். 1997 ஜூலை 11 அன்று மும்பை காட்கோபரில் உள்ள ரமாபாய் நகரில் அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை அணிவிக்கப்பட்டது. திரண்ட மக்கள் மீது காவல்துறை சுட்டதில் பத்துப்பேர் மாண்டனர். நான்கு நாள்களுக்குப் பின் கோக்ரே தம் உயிரை மாய்த்துக்கொண்டார். அதுவரை சிவப்புக்கொடியின் கீழ்ப் பாடியவர் இறக்கும்போது தலையில் நீலத்துணி கட்டியிருந்தார்.

நண்பரின் மரணத்திற்குக் காரணம் தேடத் தொடங்கிய பட்வர்தன் பதினான்கு ஆண்டுகள் படமெடுத்தார். விளைவு 'ஜெய் பீம் காம்ரேட்' (2011). இப்படத்திற்கு மட்டும் எல்லா மொழியிலும் ஒரே பெயர். அம்பேத்கரியர் ஒருவரையொருவர் வாழ்த்தும் சொல்லும் பொதுவுடைமையர் ஒருவரையொருவர் விளிக்கும் சொல்லும் அருகருகே நிற்கின்றன. இடையில் 'உம்' இல்லை, 'ஔர்' இல்லை. இணைப்புச் சொல் இல்லாமையே பொருள் தருகிறது. வர்க்கத்தைப் பேசிய 'நாம்' சாதியைப் பேசாததால் கோக்ரேக்கு அதில் இடமில்லாமற் போயிற்றா என்பது படம் எழுப்பும் கடினமான வினா. இடதுசாரிச் சார்புடைய இயக்குநர் தம் தரப்பை நோக்கியே இதனை எழுப்புவது கவனிக்கத்தக்கது. துப்பாக்கிச் சூட்டுக்குப் பொறுப்பான காவல் அதிகாரிக்கு 2009இல் ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டதும், விரைவில் அவர் பிணையில் வந்ததும் வழக்கின் பிற்கால நிகழ்வுகள்.

படத்தின் உயிர் பாடல்களில் உள்ளது. மராத்தி ஷாஹிர் மரபில் வந்த அப்பாடல்களில் வட்டார வழக்கும் வசையும் நகையும் விரவியுள்ளன. அடிவரிகள் கருத்தைத் தருகின்றன. சந்தத்தைத் தர இயலவில்லை. 'ஜெய் பீம்' என்னும் வாழ்த்தோ தமிழகத்திலும் மொழிபெயர்ப்பு வேண்டாது வழங்குகிறது. 2021இல் ஒரு தமிழ்த் திரைப்படத்தின் பெயராகவும் அமைந்தது. சில சொற்களை மொழிபெயர்க்காமல் விடுவதே அவற்றைப் பேசுவோர்க்குச் செய்யும் மரியாதை என்பதற்கு இப்பெயர் சான்றாகும்.

8. 'விவேக்' முதல் 'வசுதைவ குடும்பகம்' வரை

2018இல் வெளிவந்த படத்திற்கு இந்தியில் 'விவேக்', ஆங்கிலத்தில் 'ரீசன்'. நரேந்திர தாபோல்கர் (2013), கோவிந்த் பான்சரே (2015), எம்.எம். கல்புர்கி (2015), கௌரி லங்கேஷ் (2017) ஆகியோரின் கொலைகளைப் பின்னணியாகக் கொண்ட நெடும்படம் இது. கல்புர்கி கன்னட வசன இலக்கியத்திலும் கல்வெட்டிலும் தோய்ந்த ஆய்வாளர்; நம் துறையினர். ஆம்ஸ்டர்டாம் ஆவணப்பட விழாவில் 2018ஆம் ஆண்டின் சிறந்த முழுநீள ஆவணப்பட விருதினை இப்படம் பெற்றது. 2019இல் கேரள ஆவணப்பட விழாவில் திரையிட நடுவண் அரசு தணிக்கை விலக்கு அளிக்கவில்லை. கேரள உயர் நீதிமன்றத்தின் இசைவுடனே திரையிடப்பட்டது.

தமிழில் 'விவேகம்' என்பது பெரும்பாலும் முன்யோசனையையும் நிதானத்தையும் குறிக்கும். 'ரீசன்' என்பதற்கு அது ஈடாகாது. 'பகுத்தறிவு' என்பதே பொருந்தும். வடமொழியில் 'விவேக' என்பது பிரித்தறிதல் என்னும் வேர்ப்பொருளுடையது. 'பகுத்து அறிதல்' என்னும் தமிழ்ச்சொல்லும் அதுவே. சுயமரியாதை இயக்கத்தின் வழியாகத் தமிழ்ச்சொல் பெற்ற சமூகப்பொருளும் படத்தின் பொருளோடு ஒத்துச் செல்கிறது. மூலத்தின் வேர்ப்பொருளையும் ஆங்கிலத்தின் வழக்குப்பொருளையும் ஒருங்கே தரும் சொல் மொழிபெயர்ப்பாளர்க்கு அரிதாகவே வாய்க்கும்.

அண்மைப் படமான 'வசுதைவ குடும்பகம்' (2023) இயக்குநரின் பெற்றோரைப் பற்றியது. முதுமையில் அவர்களை வீட்டில் எடுத்த காட்சிகளிலிருந்து குடும்பக்கதையும் விடுதலைப் போராட்ட வரலாறும் விரிகின்றன. 'வசுதா ஏவ குடும்பகம்' என்று பிரியும் இத்தொடரில் 'ஏவ' என்பது தேற்றப்பொருள் தருவது. ஆங்கிலப் பெயரில் அத்தேற்றம் இல்லை. தமிழின் தேற்றேகாரம் அதனை எளிதில் தாங்கும்: 'வையமே குடும்பம்'. அதே 2023இல் இத்தொடர் இந்தியா தலைமையேற்ற ஜி-20 மாநாட்டின் முழக்கமாகவும் நாடெங்கும் பலகைகளில் விளங்கியது. ஒரே தொடரை அரசும், அரசோடு பலமுறை வழக்காடியவரும் எடுத்தாண்டனர். அரசின் வாயில் அது நாட்டின் பெருமை. மகனின் வாயில் அது வீட்டின் நினைவு.

9. முடிவுரை

பட்வர்தனின் படங்கள் ஒருதலைச் சார்புடையவை என்னும் குறைகூறல் உண்டு. அவர் நடுநிலை கோரியவரல்லர். எதிர்த்தரப்பினரை அவர்தம் சொற்களிலேயே பேசவிடுகிறார். ஆயினும் எவ்வளவு பேசவிடுவது என்பதைத் தீர்மானிப்பவர் அவரே. இவ்வதிகாரத்தை நன்கு உணர்ந்தவர் என்பதற்கு 1985ஆம் ஆண்டுப் படத்தில் அவர் விட்டுவைத்த அப்பெண்ணின் வினாவே சான்று.

மொழிபெயர்ப்பாளரும் இத்தகைய அதிகாரம் உடையவரே. பிறர் பேச்சைத் தம் மொழியில் நிறுத்தும்போது எதைச் சுருக்குவது, எதை விடுவது என்று அவர் முடிவு செய்கிறார். வேற்றுமையுருபு, இணைப்பிடைச்சொல், தேற்றேகாரம் என்னும் சிறிய கூறுகளில் அம்முடிவுகள் உறைகின்றன என்பதை இப்படப்பெயர்கள் காட்டின. தன்மைப் பன்மையில் தமிழ் நமக்குத் தரும் தேர்வு அவற்றுள் தலையாயது. இந்தியிலும் ஆங்கிலத்திலும் விடையின்றி நிற்கும் வினாவுக்கு நாம் ஒரு சொல்லில் விடையளிக்க வேண்டியுள்ளது.

'ஹமாரா ஷஹர்' படத்திற்குத் தமிழ்ப்பெயர் இடும் பொறுப்பு வருமாயின் 'எங்கள் நகரம்' என்பதையே இக்கட்டுரையாளர் தெரிவு செய்வார். இடிக்கப்பட்ட குடிசையின் முன் நின்று பேசும் ஒருவரின் வாயில் 'நம்' என்னும் சொல்லை நாம் வைத்துவிட்டால், நகரம் ஏற்கெனவே அவருடன் பகிர்ந்துகொள்ளப்பட்டது போன்ற தோற்றம் உண்டாகும். சேலத்திலிருந்து சென்ற அத்தொழிலாளியை மீண்டும் சேலத்திற்கே ஏற்றி அனுப்பிய நகரம் அது. 'நம் நகரம்' என்று அவர் சொல்லும் நாள் வந்தபின் பெயரை மாற்றிக்கொள்ளலாம்.